நாலாம் நம்பருக்கு மைக் கிடையாது

ரூமானா ஒரு நாளைக்கு எத்தனை முறை “உஸ்” சொல்கிறாள் என்று ஒருமுறை விளையாட்டாக எண்ணிப் பார்த்தேன். முதல் பீரியடிலேயே நாற்பதைத் தாண்டியதும் எண்ணுவதை விட்டுவிட்டேன். அவளுக்கு யுகேஜி, எனக்கு எல்கேஜி. நடுவில் ஒரு பிளைவுட் தடுப்புதான். அவள் கத்துவதை என் பிள்ளைகள் கேட்டுப் பயப்படும், நான் கத்துவதை அவள் பிள்ளைகள் கேட்டுச் சிரிக்கும். மூன்றரைக்கு மணி அடிக்கும்போது இரண்டு பேருக்கும் தொண்டை என்று ஒன்று மிச்சம் இருக்காது. பிறகு சைகையில்தான் பேசிக்கொள்வோம்.

என் பெயர் சொர்ணவல்லி. கோட்டைப்பட்டினத்தில் இந்த நர்சரி பள்ளியில் இருபத்தோரு வருஷமாகக் குப்பை கொட்டுகிறேன். வீடு மணமேல்குடியில். எனக்கான டவுன் பஸ் ஐந்தே காலுக்குத்தான் வரும். அதுவரை ரூமானா வீட்டு முன்ரூமில் ஃபேனுக்குக் கீழே உட்கார்ந்து நோட்டுத் திருத்துவேன். பஸ் ஸ்டாப்புக்கு எதிர்வீடு, ஹாரன் கேட்டு எழுந்தால் போதும். அவளைப் பற்றி எனக்குத் தெரிந்ததெல்லாம் அந்த முன்ரூமில் தெரிந்துகொண்டதுதான்.

அவளுக்கு முப்பது வயது. கல்யாணமாகி எட்டு வருஷம். கணவர் அசாருதீன் கத்தாரில் ஒரு குளிர்பதனக் கிடங்கில் டெக்னீஷியன். எட்டு வருஷத்தில் இருவரும் ஒரே கூரைக்குக் கீழே இருந்தது எல்லாம் சேர்த்துப் பதினோரு மாதம். இதை அவள் அலுப்போடு சொல்லவில்லை. பள்ளியில் வருகைப் பதிவு வாசிக்கிற குரலில் சொன்னாள், அதுதான் எனக்கு எரிச்சலாக இருந்தது. கொஞ்சம் அழுதால்கூட ஆறுதல் சொல்லிவிட்டுப் போகலாம். ஆண்டு விழாவுக்குத் தோரணம் வெட்டிக்கொண்டே சொல்கிறவளிடம் என்ன சொல்வது?

வீட்டில் மாமியார் அஜீசாவும் மகள் அஃப்ராவும். அஃப்ராவுக்கு ஐந்தரை வயது. அம்மாவின் வகுப்பிலேயே படிக்கிறாள். பள்ளியில் “மிஸ்”, வீட்டுக்கு வந்தால் “அம்மா”. இடையில் தெருவில் நடந்து வரும்போது எப்படிக் கூப்பிடுவது என்று தெரியாமல் பேசாமலே வருவாள்.

போன ரமலானுக்கு அசாருதீன் வருவதாக இருந்தது. கடைசி வாரத்தில் லீவு கேன்சல் என்று சொல்லிவிட்டார். அதைப் பிள்ளையிடம் சொல்லும் வேலை ரூமானாவுக்கு வந்தது. அத்தா ஏற வேண்டிய விமானம் ரிப்பேர் ஆகிவிட்டது என்றாள். ஏர்போர்ட்டில் வேறு விமானம் இல்லையா என்று பிள்ளை கேட்டது. அதற்கும் ஒரு பொய், அதற்கு மேல் இன்னொரு பொய். அஃப்ரா இரண்டு நாள் சரியாகச் சாப்பிடாமல் காய்ச்சலில் படுத்தது.

“இனிமே நான் சொல்லமாட்டேன் டீச்சர்,” என்றாள் அப்போது. “வாரதுன்னாலும் வரலைன்னாலும் அவரே பிள்ளைக்கிட்ட சொல்லிக்கிறட்டும். எனக்குப் பொய் தீந்துபோச்சு.”

அதற்குப் பிறகு அசாருதீன் ஒரு வாக்குக் கொடுத்தார். இந்த ஒப்பந்தம் முடிந்ததும் ஹஜ் பெருநாளைக்கு வந்துவிடுவேன், திரும்பிப் போகமாட்டேன் என்று. அறந்தாங்கியில் ஏ.சி. மெக்கானிக் கடை போடுவதாகப் பேச்சு. அஃப்ரா அதை அவரே வீடியோவில் சொல்லக் கேட்டிருந்தாள். “பெருநாளைக்கு எங்க அத்தா வாராங்க, அப்பறம் போமாட்டாங்க” என்று என் எல்கேஜி பிள்ளைகள் வரைக்கும் வந்து சொல்லிவிட்டுப் போனாள்.

இனி ரூமானா ஃபோனில் ஆடுகிற விளையாட்டுக்கு வருகிறேன்.

வெள்ளிக்கிழமை கத்தாரில் விடுமுறை. ஜும்ஆ தொழுகை முடிந்து சாப்பிட்டுவிட்டு அசாருதீன் தன் அறையில் உட்காரும்போது இங்கே நாலரை. ரூமானா அஸர் தொழுதுவிட்டு வந்து, காதில் இயர்போனைச் செருகிக்கொண்டு, ஃபோனைப் படுக்கவாட்டில் பிடித்துக்கொண்டு உட்கார்ந்துவிடுவாள். விமானத்திலிருந்து நாலு நாலு பேராகக் குதித்து, துப்பாக்கி பொறுக்கி, கண்ணில் படுகிற மற்றவர்களை எல்லாம் சுட்டுத் தள்ளுகிற விளையாட்டு அது. முதலில் பார்த்தபோது எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. பகலெல்லாம் “கிள்ளக் கூடாது, கடிக்கக் கூடாது” என்று சொல்லிக்கொடுக்கிறவள், சாயங்காலம் மாடி மேலிருந்து ஒருவனை நெற்றியில் சுட்டாள்.

“வேற என்ன செய்யச் சொல்றீங்க டீச்சர்,” என்றாள். “வீடியோ கால்ல ரெண்டு நிமிசம். சாப்பிட்டீங்களா, சாப்பிட்டேன். அங்க வெயிலா, வெயிலு. அப்பறம் மாமி ஃபோன வாங்கிக்கிருவாங்க. இதுல ஒரு மணி நேரம் கூடவே இருக்கலாம். அவருக்கு நல்ல ஹெல்மெட் கிடைச்சா எனக்குத்தான் கழட்டிப் போட்டுருவாரு.”

கத்தாரில் இருக்கும் மனிதர் கழற்றிப் போடும் ஹெல்மெட்டைக் கோட்டைப்பட்டினத்தில் இருந்துகொண்டு மாட்டிக்கொள்வதில் என்ன சுகம் என்று கேட்க வாய் வந்தது. அவள் முகத்தைப் பார்த்துவிட்டுக் கேட்கவில்லை.

நாலு பேரில் ஒன்றாம் நம்பர் அசாருதீன். இரண்டும் மூன்றும் அவருடைய அறைக்காரர்கள். அறந்தாங்கி ஜைனுதீன், விராலிமலை நிலவழகன். நாலாம் நம்பர் ரூமானா. ஆனால் அது அந்த இருவருக்கும் தெரியாது. நாலாவது ஆள் தன் மச்சினன் என்றும், அவன் ஃபோனில் மைக் கெட்டுப்போய்விட்டது என்றும் அசாருதீன் சொல்லி வைத்திருந்தார். அந்நிய ஆண்கள் காதில் மனைவியின் குரல் விழ வேண்டாம் என்று நினைத்திருக்கிறார். இதற்காக நான் அவர்மேல் பாய முடியாது. என் வீட்டிலும் அப்படித்தான். என்னவரின் நண்பர்கள் வந்தால் காப்பி ரெடி என்பதை நான் அடுப்படியிலிருந்து டம்ளரைத் தட்டித்தான் சொல்வேன். இருபது வருஷமாக டம்ளர் தட்டுகிறவள் மைக்கைப் பற்றி என்ன நியாயம் பேசுவது?

வாய் இல்லாவிட்டாலும் அவள் எல்லாம் சொன்னாள். இரண்டு முறை குதித்தால் “சரி”. குந்தி எழுந்தால் “வேண்டாம்”. தரையில் ஒரு குண்டு சுட்டால் “பக்கத்தில் ஆள் இருக்கிறான்”. வரைபடத்தில் விரலால் தொட்டு எதிரி இருக்கிற இடத்தில் புள்ளி வைப்பாள். ஒரு மூலையில் குப்புறப் படுத்துக்கொண்டால், “மாமி கூப்பிடுகிறார், எழுந்து போகிறேன், ஃபோன் பக்கத்தில் நான் இல்லை” என்று அர்த்தம். இந்தக் கடைசி சைகையைத்தான் அவள் அதிகம் பயன்படுத்தினாள். மாமி கூப்பிடுவார், பால்காரர் வருவார், அஃப்ரா எதையாவது கொட்டுவாள். நாலாம் நம்பர் பாதி ஆட்டம் படுத்தே கிடக்கும்.

அதில் ஒரு சங்கடமும் இருந்தது. அவளுக்குக் கண் கூர்மை. நாற்பது பிள்ளைகளில் எவன் பெஞ்சுக்கு அடியில் சாக்பீஸ் தின்கிறான் என்று கரும்பலகையைப் பார்த்துக்கொண்டே சொல்லிவிடுவாள். விளையாட்டிலும் எதிரி எங்கே பதுங்கியிருக்கிறான் என்று அவளுக்குத்தான் முதலில் தெரியும். புள்ளி வைப்பாள், சுட்டுக் காட்டுவாள், குதிப்பாள். அவர்கள் மூவரும் ஊர்க்கதை பேசிக்கொண்டே போய் நேராக மாட்டிக்கொள்வார்கள்.

“ஒரு வார்த்த சொல்ல முடிஞ்சா போதும் டீச்சர், காப்பாத்திருவேன்,” என்பாள். பிறகு ஃபோனைக் கவிழ்த்துவிட்டு அரிசி களையப் போவாள்.

அந்த வெள்ளிக்கிழமை பெருநாளைக்கு இன்னும் மூன்று வாரம் இருந்தது. நான் மதிப்பெண் அட்டை எழுதிக்கொண்டிருந்தேன். அஜீசா மாமி கோபாலப்பட்டினத்தில் மகள் வீட்டுக்குப் போயிருந்தார். அஃப்ரா உள்ளறையில் வண்ணம் தீட்டிக்கொண்டிருந்தாள். ரூமானாவுக்கு அன்று குரலே இல்லை, காலையில் ஆண்டு விழா ஒத்திகை. ஆட்டம் தொடங்கிக் கொஞ்ச நேரத்தில் என்னைப் பார்த்தாள். என் முகம் டீ கேட்கிற முகமாக இருந்திருக்க வேண்டும். நாலாம் நம்பரை ஒரு வீட்டு மூலையில் குப்புறப் படுக்கப் போட்டாள். இயர்போனை உருவி, ஃபோனை என் பக்கத்து நாற்காலியில் வைத்துவிட்டு அடுப்படிக்குப் போனாள்.

இயர்போனை உருவியதும் சத்தம் வெளியே வந்தது. மூன்று ஆண்களும் சேர்ந்து பேசுவதை நான் முதல் தடவையாகக் கேட்டேன்.

“அண்ணே, மச்சினன் படுத்துட்டாரு போல,” என்றது ஒரு குரல். அண்ணே என்றதால் அது நிலவழகனாக இருக்கும்.

“படுத்துட்டான்னா ஃபோன் பக்கத்துல ஆளு இல்லன்னு அர்த்தம். டீ குடிக்கப் போயிருப்பான்,” என்றார் அசாருதீன். வீடியோ காலில் கேட்டிருக்கிறேன், கொஞ்சம் இழுத்துப் பேசுகிற குரல்.

“சரி, அசாரு,” என்றது மூன்றாவது குரல். “புது காண்ட்ராக்ட்ல கையெழுத்துப் போட்டு பத்து நாளாச்சு. ஊர்ல சொல்லிட்டியா இல்லியா?”

“இல்ல.”

“பெருநாளுக்கு வாரேன்னு சொல்லியிருக்கல்ல?”

“ஒரு வாரம் இருக்கையில லீவு கேன்சலாயிருச்சுன்னு சொல்லிக்கலாம். பிள்ளைக்கிட்ட அவ எப்புடியாச்சும் சொல்லிச் சமாளிச்சுருவா. டீச்சர்ல.”

என் கையில் இருந்த பேனா நின்றுவிட்டது. ஃபோனை எடுத்து எதையாவது அமுக்கலாம் என்றால் அதில் எது எதற்கென்று எனக்குத் தெரியாது. துண்டைப் போட்டு மூடலாமா என்றுகூட யோசித்தேன். தலையைத் திருப்பினால், அடுப்படி வாசலில் இரண்டு டம்ளரோடு ரூமானா நின்றுகொண்டிருந்தாள்.

“ஊருக்கு வந்து என்ன செய்ய, சொல்லு,” என்று அசாருதீன் பேசிக்கொண்டே போனார். “மொத மாசம் விருந்து. ரெண்டாவது மாசம், இவன் என்ன தூங்கிக்கிட்டே இருக்கான்னுவாங்க. மூணாவது மாசம், எப்பப் போறேன்னு கேப்பாங்க. இங்க கம்ப்ரசர் நின்னுபோச்சுன்னா நாலு பேரு என்னையத் தேடி ஓடிவாரான். அங்க என்னைய யாரு தேடுவா? பிள்ளையே என்னைய ஃபோன்லதான் பாத்திருக்கு.”

அதில் பொய் இல்லை என்பதுதான் எனக்கு இன்னும் கஷ்டமாக இருந்தது. அந்த மனுஷனும் அலுத்துப்போய்த்தான் இருந்தார். ஆனால் தேடுகிற ஒருத்தி, கையில் சூடான டம்ளரோடு நாலடி தூரத்தில் நின்றுகொண்டிருந்தாளே.

ரூமானா டீயை ஒரு சொட்டுச் சிந்தாமல் ஸ்டூலில் வைத்தாள். நாற்காலியிலிருந்து ஃபோனை எடுத்துவிட்டு அதில் உட்கார்ந்தாள். இயர்போனை மாட்டிக்கொள்ளவில்லை. நாலாம் நம்பர் படுத்தபடியே கிடந்தது.

திடீரென்று படபடவென்று சுடும் சத்தம்.

“போச்சு, விழுந்துட்டேன்,” என்றார் அசாருதீன். “மாடியிலேருந்து அடிச்சான். யாராச்சும் வந்து தூக்குங்கடா.”

“நாங்க பாலத்துக்கு அங்கிட்டு இருக்கோம். மச்சினன்தான் ஒனக்குப் பக்கம்.”

“நாலு, டேய் நாலு, எந்திரி. வந்துட்டியா?”

அந்த விளையாட்டில் ஒருவர் அடிபட்டு விழுந்தால் உடனே சாவதில்லை. கொஞ்ச நேரம் தவழ்ந்துகொண்டிருப்பார். கூட்டாளி பக்கத்தில் வந்து ஒரு பொத்தானை அமுக்கிப் பிடித்தால் ஒரு வட்டம் மெதுவாகச் சுற்றும். பத்து நொடியில் வட்டம் நிறைந்தால் விழுந்தவர் எழுந்துவிடுவார். அதுவரை இரண்டு பேரும் அசையக் கூடாது. நடுவில் கையை எடுத்தால் எல்லாம் போச்சு. இதை ரூமானாதான் முன்பு எனக்குச் சொல்லிக்கொடுத்திருந்தாள். எத்தனையோ வெள்ளிக்கிழமை அவரை இப்படித் தூக்கிவிட்டிருக்கிறாள்.

நாலாம் நம்பர் எழுந்தது. வீட்டை விட்டு வெளியே வந்து, மதில் ஓரமாக நடந்து, தவழ்கிறவர் பக்கத்தில் போய்க் குனிந்தது. வட்டம் சுற்றத் தொடங்கியது. வலது கட்டைவிரல் பொத்தானில் இருக்க, அவள் இடது கை விரல் திரையின் ஓரத்தில் இருந்த சின்ன மைக் படத்தைத் தொட்டது. அதன்மேல் எப்போதும் இருக்கும் சிவப்புக் கோடு மறைந்தது.

“மச்சான்,” என்றாள். காலையிலிருந்து கத்திக் கத்தி உடைந்துபோன குரல். “நான்தான். ரூமானா.”

அவள் கட்டைவிரல் பொத்தானை விட்டு நகரவில்லை.

“டீ போட்டுட்டு வந்துட்டேன். எல்லாத்தையும் கேட்டேன். எத்தன வருசத்துக்குக் கையெழுத்துப் போட்டீங்க?”

வட்டம் பாதி சுற்றியிருந்தது. அவர் என்ன சொல்லியிருந்தாலும் அவள் தூக்கிவிட்டிருப்பாள், எனக்குத் தெரியும். இரண்டு என்றாலும், மூன்று என்றாலும், மன்னிச்சுக்க என்றாலும். அவளுக்கு அதுதான் பழக்கம்.

“ரூமானா,” என்றார் அவர், தாழ்ந்த குரலில். “மொதல்ல மைக்க மூடு. பசங்க இருக்காங்க.”

ரூமானா கட்டைவிரலை எடுத்தாள். வட்டம் காணாமல் போனது. நாலாம் நம்பர் அங்கேயே நின்றது, அவர் கொஞ்ச தூரம் தவழ்ந்தார், பிறகு அவர் செத்த இடத்தில் ஒரு பெட்டி மட்டும் கிடந்தது. வெறும் விளையாட்டுதான். எனக்குத் தெரியாதா? இருந்தாலும் அந்த மனுஷனைத் தூக்கிவிட்டிருக்கலாமே என்று தோன்றியது. சரியான வேலை செய்தாய் பெண்ணே என்றும் தோன்றியது. இரண்டும் ஒரே நேரத்தில்.

அவள் மைக்கை மூடவில்லை.

“நிலவழகன் தம்பி,” என்றாள். “ஒங்களுக்குக் கெழக்க ஒரு தகரக் கொட்டகை தெரியுதா? அதுக்குப் பின்னாடி ரெண்டு பேரு இருக்கான். நேராப் போகாதீங்க. ஜைனுதீன் தம்பி, பாலத்த விட்டுட்டு இங்கிட்டு மதில் ஓரமா வாங்க. குனிஞ்சு வாங்க.”

பிள்ளைகளை வரிசையில் நிறுத்துகிற அதே குரல்தான். அந்த இரண்டு பேரும் மறுபேச்சுப் பேசாமல் குனிந்து வந்தார்கள். “இருக்காங்கக்கா,” என்றான் நிலவழகன், “நீங்க சொன்ன எடத்துலதான்.” பிறகு கால் மணி நேரம் அவள் சொன்னாள், அவர்கள் செய்தார்கள். மாடியில் ஒருத்தன், மரத்தடியில் ஒருத்தன், கதவுக்குப் பின்னால் ஒருத்தன். இத்தனை நாளும் அவள் குதித்துக் குதித்துக் காட்டியதெல்லாம் அன்று வார்த்தையாக வந்தது. கடைசியில் மூவரும் செத்து, அவர்கள் அணி இரண்டாம் இடம் வந்தது. அதற்கு முன் அவர்கள் முதல் இருபதுக்குள்ளேயே வந்ததில்லை என்று பிற்பாடு சொன்னாள்.

அசாருதீன் நடுவிலேயே வெளியே போயிருக்கலாம். செத்தவர்களுக்கு இரண்டு வழி உண்டு. விட்டுப் போகலாம், அல்லது கூட்டாளிகள் விளையாடுவதைச் சும்மா பார்த்துக்கொண்டிருக்கலாம். அவர் பெயர் சாம்பல் நிறமாகி, பக்கத்தில் ஒரு கண் படம் வந்திருந்தது. கடைசி வரைக்கும் அது போகவில்லை. அத்தனை நேரமும் பேசாமல் கேட்டுக்கொண்டிருந்திருக்கிறார்.

ஆட்டம் முடிந்து நாலு உருவமும் ஒரே வரிசையில் வந்து நின்றன.

“ரெண்டு வருசம்,” என்றார் அசாருதீன்.

“ம்.”

“ரூமானா, நான் வந்து…”

“எங்கிட்ட சொல்லிட்டீங்கல்ல, சரி. நான் சண்ட போடல. எனக்கு இன்னைக்கித் தொண்டையும் இல்ல.” உள்ளறைப் பக்கம் திரும்பினாள். “அஃப்ரா, இங்கிட்டு வா. அத்தா ஒங்கிட்ட ஒண்ணு சொல்லணுமாம்.”

“இப்ப வேணாம் ரூமானா. நீயே பக்குவமா…”

“போன தடவையே எனக்குத் தீந்துபோச்சு மச்சான்.”

“அக்கா, நாங்க கெளம்பிக்கிறவா?” என்று நிலவழகன் மெதுவாகக் கேட்டான்.

“இருங்க தம்பி. நீங்க இருந்தாத்தான் அவரு மெய் பேசுவாரு.”

வெளியே என் பஸ் வந்து ஹாரன் அடித்தது. நான் எழுந்திருக்கவில்லை. பஸ் இரண்டாவது முறையும் அடித்துவிட்டுப் போனது.

அஃப்ரா கையெல்லாம் பச்சைக் கிரேயான் பிசுக்கோடு ஓடி வந்தாள். ரூமானா ஃபோனை அவள் கையில் கொடுத்துவிட்டு, ஆறிப்போன டீயை எடுத்துக்கொண்டாள். பிள்ளை திரையில் நின்ற நாலு உருவத்தையும் மாறி மாறிப் பார்த்து, ஹெல்மெட் இல்லாத ஒன்றைத் தொட்டது.

“அத்தா, சொல்லுங்க,” என்றது. கொஞ்ச நேரம் காத்திருந்தது. “அத்தா?”

ஃபோனை ஒரு தடவை குலுக்கிப் பார்த்துவிட்டு அம்மாவிடம் நீட்டியது.

“அத்தாவோட மைக் ஆஃப்ல இருக்கு போலம்மா.”

ரூமானா எட்டிப் பார்த்தாள்.

“இல்லம்மா,” என்றாள். “ஆன்லதான் இருக்கு.”